கலர் கரைத்த பையன்

கம்பள ஆலை எடுபிடி வேலையை நாடகமாக்கிய ஜான் பைர்ன்

சேலைக் கரையில் மாங்காய் போட்டிருக்கும். நம் வீட்டுப் பெண்கள் அதை "மாங்காய் பார்டர்" என்பார்கள். ஆங்கிலத்தில் அதற்கு என்ன பெயர் தெரியுமா? "பெய்ஸ்லி". ஜவுளிக்கடையில் நிற்பவர்களுக்கும், மில் ஆபீசில் பில் எழுதுபவர்களுக்கும் இந்தப் பெயர் பழக்கமாக இருக்கும்.

பெய்ஸ்லி என்பது ஓர் ஊர். ஸ்காட்லாந்தில், கிளாஸ்கோ நகருக்கு மேற்கே சுமார் ஏழு மைல் தூரத்தில் இருக்கிறது. 19-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில், காஷ்மீர்ச் சால்வைக்கு ஐரோப்பாவில் ஏகப்பட்ட கிராக்கி. பெய்ஸ்லி நெசவாளர்கள் அந்தச் சால்வையைப் பார்த்து, அதே மாங்காயைப் போட்டு, மலிவு விலையில் நெய்து குவித்தார்கள். மாங்காய் காஷ்மீருடையது. பெயர் மட்டும் பெய்ஸ்லிக்குப் போய்விட்டது.

தமிழர்களுக்கு இந்த ஊரோடு இன்னோர் ஒட்டும் உண்டு. "மதுரா கோட்ஸ்" என்ற பெயரில் முன்பாதி நம் மதுரை. பின்பாதி, பெய்ஸ்லியில் தையல் நூல் ஆலை நடத்திய கோட்ஸ் குடும்பத்தின் பெயர். 1974-ம் ஆண்டு இரண்டு கம்பெனிகளும் ஒன்றாக இணைந்தபோது பெயர்களும் இணைந்தன.

அந்தப் பெய்ஸ்லியில் பிறந்து, கம்பளத் தொழிற்சாலை ஒன்றில் கலர் கரைக்கும் எடுபிடிப் பையனாக இருந்து, பிறகு அந்த வேலையையே நாடகமாக எழுதி, அமெரிக்காவின் பிராட்வே வரை கொண்டுபோனவர் ஜான் பைர்ன். 2023-ம் ஆண்டு நவம்பர் 30-ந் தேதி, 83-வது வயதில் அவர் காலமானார். ஓவியர், மேடை அமைப்பாளர், டெலிவிஷன் எழுத்தாளர் என்று அவருக்குப் பல முகங்கள். ஆனால் ஸ்காட்லாந்துக்காரர்களிடம் அவர் பெயரைச் சொன்னால், பெரும்பாலும் முதலில் நினைவுக்கு வருவது ஒரு கல் பலகையும், அதைச் சுற்றி நின்று வம்பு பேசும் மூன்று பையன்களும்தான்.

பிழைக்க வந்தவர்களின் பேரன்

ஜான் பைர்ன் 1940-ம் ஆண்டு ஜனவரி 6-ந் தேதி பிறந்தார். அயர்லாந்து வழி வந்த கத்தோலிக்கக் குடும்பம். அயர்லாந்தில் பிழைக்க வழியில்லாமல் 19-ம் நூற்றாண்டில் கப்பல் ஏறிய ஆயிரக்கணக்கானவர்கள் கிளாஸ்கோவிலும், பெய்ஸ்லியிலும், சுற்றுவட்டாரத்து ஊர்களிலும் மில் வேலைக்கும், கப்பல் கட்டும் வேலைக்கும், மண் வெட்டும் வேலைக்கும் சேர்ந்தார்கள். மதம் வேறு, பேச்சின் இழுவை வேறு. உள்ளூர்க்காரர்கள் அவர்களை லேசில் சேர்த்துக்கொள்ளவில்லை. தலைமுறைகள் கடந்த பிறகும், ஒருவருடைய பெயரைக் கேட்டதும் "இவன் எந்தப் பக்கத்து ஆள்" என்று கணக்குப் போடும் பழக்கம் அந்த வட்டாரத்தில் இருந்தது.

பைர்ன் வளர்ந்தது பெர்கஸ்லி பார்க் என்ற நகரசபைக் குடியிருப்பில். வரிசை வரிசையாக வீடுகள். வறுமை அதிகம். ஊரில் நல்ல பெயர் கிடையாது. "பெர்கஸ்லி பார்க்கா?" என்று கேட்டுவிட்டு ஆளை ஏற இறங்கப் பார்ப்பார்கள்.

வீட்டிலும் நிம்மதி இல்லை. அவருடைய தாயாருக்கு மனநோய். மருத்துவமனைக்குப் போவதும், திரும்பி வருவதும், மறுபடி போவதுமாக இருந்தார். பள்ளிக்கூடத்துப் பையன் அம்மாவைப் பார்க்க மனநோய் மருத்துவமனைக்குப் போய்வருவான். இந்த அனுபவத்தை அவர் மறக்கவில்லை. பின்னாளில் எழுதிய நாடகத்தின் சிரிப்புக்கு அடியில் இது ஓடிக்கொண்டே இருக்கிறது.

சின்ன வயதிலிருந்தே அவருக்குக் கை ஓயாமல் படம் வரையவேண்டும். பள்ளியை விட்டதும், படம் வரையத் தெரிந்த பையனுக்கு அந்த ஊரில் கிடைக்கக்கூடிய வேலை ஒன்று கிடைத்தது. பக்கத்து ஊரான எல்டர்ஸ்லியில் ஸ்டாடர்ட் என்ற பெரிய கம்பளத் தொழிற்சாலை. அங்கே "ஸ்லாப் பாய்" உத்தியோகம்.

ஸ்லாப் என்றால் என்ன?

"ஸ்லாப்" என்றால் கல் பலகை. நம்மூர் அம்மி மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் அகலமானது, வழவழப்பானது.

தறியில் ஏறும் முன் கம்பளம் காகிதத்தில் பிறக்கும். டிசைனர்கள் மேஜைக்கு முன் உட்கார்ந்து, கட்டம் போட்ட பெரிய தாளில் பூவும் கொடியும் வரைவார்கள். தாளில் ஒரு சின்னக் கட்டம் என்றால், கம்பளத்தில் ஒரு முடிச்சு. எந்தக் கட்டத்துக்கு எந்தக் கலர் என்பதைத் தூரிகையால் ஒவ்வொன்றாக நிரப்பவேண்டும். ஒரு சிவப்பு என்றால் அதே சிவப்பு கடைசி வரை வரவேண்டும். கொஞ்சம் மாறினாலும் கம்பளம் கெட்டுவிடும்.

அந்தக் கலரைத் தயார் செய்வதுதான் ஸ்லாப் பையன்களின் வேலை. பொடியாக வரும் கலரைக் கல் பலகையில் கொட்டவேண்டும். தண்ணீரும் கோந்தும் விடவேண்டும். தட்டையான கத்தியால் கட்டி இல்லாமல் அரைத்து அரைத்துக் குழைக்கவேண்டும். பிறகு கிண்ணங்களில் வழித்து டிசைனர்களிடம் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டும். கிண்ணம் காலியானால் மறுபடி கூப்பிடுவார்கள். மறுபடி அரைக்கவேண்டும்.

காலையில் வந்ததிலிருந்து மாலை வரை இதே வேலை. கை, நகம், சட்டை, தலைமுடி எல்லாம் கலர். அடுத்த அறையில் டிசைனர் தன் மேஜை, தன் நாற்காலி என்று உட்கார்ந்திருப்பார். ஸ்லாப் பையனுக்கு மேஜை கிடையாது. என்றாவது ஒரு நாள் "உனக்கும் ஒரு மேஜை" என்று சொல்லமாட்டார்களா என்று காத்திருப்பார்கள். சிலருக்குச் சொல்லுவார்கள். சிலருக்குச் சொல்லவே மாட்டார்கள்.

ஆபீசில் டெஸ்பாட்ச் பிரிவிலேயே தலை நரைத்தவர்களுக்கு இந்த ஏக்கம் புரியும்.

கல்லூரிக்குப் போய், திரும்பி வந்து...

பைர்னுக்கு அதிர்ஷ்டம் இருந்தது. 1958-ம் ஆண்டு கிளாஸ்கோ ஓவியக் கல்லூரியில் இடம் கிடைத்தது. ஐந்து ஆண்டுகள் படித்தார். 1963-ல் அவருக்கு ஒரு பரிசு கிடைத்தது. அந்தப் பணத்தில் இத்தாலிக்குப் போனார். 700 ஆண்டுகளுக்கு முன் ஜியோட்டோ போன்ற ஓவியர்கள் கோவில் சுவர்களில் தீட்டிய படங்களைப் பார்த்துத் திகைத்து நின்றார்.

அதன்பிறகு? படிப்பு முடிந்தது, பரிசும் செலவாகிவிட்டது. ஓவியம் சோறு போடவில்லை. டெலிவிஷன் கம்பெனி ஒன்றில் எழுத்தும் படமும் வரைந்து கொடுத்தார். பிறகு, 1966-ல், பழைய ஸ்டாடர்ட் கம்பளத் தொழிற்சாலைக்கே திரும்பிப் போனார். இந்தத் தடவை டிசைனராக!

ஒரு காலத்தில் அவர் யாருக்காகக் கலர் அரைத்தாரோ, அந்த வரிசையில் இப்போது அவரும் உட்கார்ந்திருந்தார். கல் பலகை பக்கத்து அறையில் இருந்தது. அங்கே வேறு பையன்கள். மேஜை கிடைத்துவிட்டது, ஆனால் அந்த மேஜையில் அவருக்கு மனம் ஒட்டவில்லை.

அப்பாவின் பெயரில் ஒரு புளுகு

லண்டனில் உள்ள ஓவியக் கூடங்களுக்குத் தம் படங்களை அனுப்பிப் பார்த்தார். ஒருவரும் சீந்தவில்லை. கல்லூரியில் முறையாகப் படித்த ஓவியர்கள் லண்டனில் தெருவுக்குத் தெரு இருந்தார்கள். ஸ்காட்லாந்துக் கம்பள ஆலையிலிருந்து ஒருவன் அனுப்பினால் யார் பிரித்துப் பார்ப்பார்கள்?

அப்போது அவர் ஒரு தந்திரம் செய்தார். லண்டனில் போர்ட்டல் காலரி என்று ஒரு கூடம். பயிற்சி இல்லாமல் தாமாகவே வரையக் கற்றுக்கொண்ட எளிய மனிதர்களின் படங்களுக்கு அங்கே தனி மதிப்பு. பைர்ன் ஒரு சின்னப் படத்தை வெகுளித்தனமான பாணியில் வரைந்து, "பேட்ரிக்" என்று கையெழுத்துப் போட்டார். "இதை வரைந்தவர் என் அப்பா. அவருக்கு ஓவியம் யாரும் சொல்லித் தரவில்லை" என்ற பொருளில் ஒரு கடிதமும் எழுதி அனுப்பினார்.

உடனே பதில் வந்தது. இன்னும் படங்கள் இருந்தால் அனுப்பச் சொன்னார்கள்! 1967-ல் "பேட்ரிக்" படங்களின் கண்காட்சி நடந்தது. பத்திரிகைகள் பாராட்டின. பின்னர் குட்டு வெளிப்பட்டது. கூடத்துக்காரர்கள் கோபித்துக்கொள்ளவில்லை. படங்கள்தான் விற்றுவிட்டனவே!

பைர்ன் கம்பளத் தொழிற்சாலை வேலையை விட்டார். பேட்ரிக் என்ற பெயரை மட்டும் சில காலம் விடவில்லை.

இதில் கொஞ்சம் கசப்பும் இருக்கிறது. ஐந்து ஆண்டுகள் படித்த படிப்புக்குக் கிடைக்காத கதவு, படிக்காதவன் என்று சொன்னதும் திறந்தது. ஏழை ஒருவன் கலைஞனாக வந்தால், அவன் வெகுளியாகவும் இருக்கவேண்டும் என்று பெரிய மனிதர்கள் எதிர்பார்க்கிறார்கள். பைர்ன் அந்த எதிர்பார்ப்பையே அவர்களுக்கு விற்றுக் காசாக்கினார்.

பேட்ரிக் பெயர் பரவியது. பீட்டில்ஸ் பாட்டுக் குழுவினரின் இசைத்தட்டு உறைக்காக அவர் வரைந்த படம் அப்போது பயன்படாமல் போய், 1980-ம் ஆண்டு வெளிவந்த வேறொரு பீட்டில்ஸ் தொகுப்பின் உறையாக வந்தது. பெய்ஸ்லியில் பிறந்த பாடகர் ஜெர்ரி ராபர்ட்டி அவருடைய நெருங்கிய நண்பர். அவருடைய இசைத்தட்டு உறைகள் பலவற்றைப் பைர்ன்தான் வரைந்தார். பதிலுக்கு ராபர்ட்டி "பேட்ரிக்" என்ற பெயரிலேயே ஒரு பாட்டுக் கட்டினார்.

மேடைக்குப் பின்னால் இருந்து மேடைக்கு

நாடக உலகத்துக்குள் அவர் நுழைந்தது எழுத்தாளராக அல்ல, மேடை அமைப்பாளராக.

1973-ம் ஆண்டு "7:84" என்ற நாடகக் குழு ஸ்காட்லாந்தின் வடக்கு மலைப் பகுதிகளில் ஒரு நாடகத்தை ஊர் ஊராகக் கொண்டுபோனது. ஆட்டு மந்தைக்காகக் குடியானவர்களை நிலத்திலிருந்து விரட்டிய பழைய கொடுமையில் ஆரம்பித்து, வடகடலில் எண்ணெய் எடுக்க வந்த கம்பெனிகள் வரை சொல்லும் நாடகம். கிராமத்துப் பொதுக்கூடங்களில் நடத்தவேண்டும். திரைச்சீலை, மேடை எல்லாம் கட்ட வசதி இல்லை.

பைர்ன் என்ன செய்தார்? ராட்சசப் புத்தகம் ஒன்றைச் செய்து கொடுத்தார். குழந்தைகள் புத்தகத்தில் பக்கத்தைத் திறந்தால் வீடும் மரமும் எழுந்து நிற்குமே, அந்த மாதிரி. ஒரு பக்கத்தைத் திறந்தால் மலை. அடுத்த பக்கத்தைத் திறந்தால் வேறு இடம். நாடகம் முடிந்ததும் புத்தகத்தை மூடி, வண்டியில் ஏற்றிக்கொண்டு அடுத்த ஊருக்குப் போனார்கள். அந்த நாடகத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் இன்றும் அந்தப் புத்தகத்தைப் பற்றிப் பேசாமல் இருப்பதில்லை.

அடுத்தவர் நாடகத்துக்கு மேடை அமைத்தவர், 37-வது வயதில் சொந்தமாக ஒரு நாடகம் எழுதினார். பெயர் "ரைட்டர்ஸ் கிராம்ப்". பெய்ஸ்லியைச் சேர்ந்த ஒரு கற்பனை எழுத்தாளரின் வாழ்க்கை வரலாறு. அவருக்குத் திறமை கொஞ்சம், தன்னைப் பற்றிய நினைப்பு நிறைய! 1977-ல் எடின்பரோ நாடக விழாவில் அரங்கேறியது. ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

அடுத்த ஆண்டு வந்தது அவர் பெயரை நிலைநிறுத்திய நாடகம்.

ஒரே அறை, ஒரே நாள்

"தி ஸ்லாப் பாய்ஸ்" 1978-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் எடின்பரோவில் உள்ள டிராவர்ஸ் தியேட்டரில் நடந்தது. டைரக்ட் செய்தவர் டேவிட் ஹேமன். நடித்தவர்களில் ஒருவர் ராபி கோல்ட்ரேன். ஹாரி பாட்டர் படங்களில் ராட்சத உருவமும் தாடியுமாக வந்து குழந்தைகளின் மனதைக் கவர்ந்தாரே, அவரேதான். அப்போது அவர் புதுமுகம்.

கதை நடப்பது 1957-ம் ஆண்டு, ஒரு வெள்ளிக்கிழமை. இடம், ஏ.எப். ஸ்டோபோ கம்பளக் கம்பெனியின் ஸ்லாப் அறை. ஸ்டாடர்ட் என்ற பெயரை ஸ்டோபோ என்று மாற்றியதைத் தவிர அவர் அதிகம் மறைக்கவில்லை. சுவரில் ஜேம்ஸ் டீன் படம். பலகையில் காய்ந்த கலர். வாலிபர்கள் எல்லாம் அமெரிக்க ராக் இசையில் மயங்கிக் கிடந்த காலம்.

மூன்று பையன்கள். பில் மக்கேன், ஸ்பாங்கி, ஹெக்டர். பில்லும் ஸ்பாங்கியும் வாயாடிகள். கை வேலை செய்கிறதோ இல்லையோ, வாய் நிற்காது. ஹெக்டர் குள்ளம், வெகுளி. மற்ற இருவருக்கும் விளையாட்டுப் பொம்மை. மேலே கர்ரி என்ற அதிகாரி. எதற்கெடுத்தாலும் யுத்தகாலத்துப் பெருமையை அவிழ்த்துவிட்டு, "இந்தக் காலத்துப் பையன்கள்..." என்று ஆரம்பிப்பார். டீ வண்டி தள்ளிக்கொண்டு வரும் சேடி. எல்லோரும் கண் வைத்திருக்கும் லூசில்.

அன்றைக்குப் புதிதாக ஆலன் என்ற பையன் வருகிறான். பெரிய இடத்துப் பிள்ளை. மேல்படிப்புக்குப் போகிறவன். கையில் விலை உயர்ந்த பேனா. அவன் பெயரைப் பில்லும் ஸ்பாங்கியும் ஒருநாளும் சரியாகச் சொல்லமாட்டார்கள். ஒவ்வொரு தடவையும் வேறு பெயர்! பெரிய இடத்துப் பிள்ளைக்கு எதிராக அவர்களிடம் இருந்த ஒரே ஆயுதம் அதுதான்.

அன்று மாலை தொழிற்சாலை ஊழியர்களின் நடன விழா. லூசிலை யார் அழைத்துப் போவது என்ற போட்டி. ஹெக்டருக்கு அலங்காரம் செய்கிறோம் என்று அவனை அலங்கோலப்படுத்தி, அதிகாரி வரும் சத்தம் கேட்டதும் அலமாரிக்குள் திணிக்கிறார்கள். கொட்டகை முழுவதும் சிரிப்பு.

ஆனால் பில்லுக்கு இரண்டு கவலைகள். ஒன்று, அம்மா மனநோய் மருத்துவமனையில் இருக்கிறாள். அதையும் அவன் வேடிக்கைக் கதை மாதிரியே சொல்கிறான். ஜனங்கள் சிரித்துக்கொண்டே கேட்கிறார்கள். பாதியில் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடுகிறது. இரண்டாவது, ஓவியக் கல்லூரிக்கு விண்ணப்பம் போட்டிருக்கிறான். அன்றுதான் முடிவு தெரியவேண்டும்.

முடிவு தெரிகிறது. இடம் இல்லை.

அதே நாளில் வேலையும் போகிறது. யாரும் எதிர்பாராத விதமாக, மேஜை ஹெக்டருக்குக் கிடைக்கிறது! கேலிக்கு ஆளான வெகுளி மேலே போய்விட்டான். ஸ்பாங்கி கல் பலகையிலேயே நிற்கிறான். வேலையும் போய், படிப்பும் போய், பெண்ணும் போய், பில் வெளியே போகவேண்டும். அவன் அழவில்லை. ஜியோட்டோவும் இப்படிக் கலர் கரைத்தவன்தான் என்ற நினைப்போடு துள்ளிக் குதித்துக்கொண்டு போகிறான்.

இங்கே ஒன்றைக் கவனிக்கவேண்டும். பில் என்பது பைர்ன்தான் என்று எல்லோருக்கும் தெரியும். அம்மாவின் நோய் அவருடையது. கலர்ப் பலகை அவருடையது. ஆனால் பைர்னுக்குக் கல்லூரியில் இடம் கிடைத்தது. பில்லுக்கு அவர் கொடுக்கவில்லை. தமக்கு வாய்த்த அதிர்ஷ்டத்தைத் தம் கதாநாயகனிடமிருந்து பறித்துக்கொண்டார். ஏன்? தம்மோடு கலர் அரைத்த பையன்களில் எத்தனை பேருக்கு அப்படி இடம் கிடைத்தது என்று அவருக்குத் தெரியும். தம் கதையை உள்ளபடியே எழுதியிருந்தால் அது ஒரு வெற்றிக் கதையாக இருந்திருக்கும். அவர் எழுதியது அந்த அறையின் கதை.

பேச்சுக்கு வந்த மரியாதை

நாடகத்தின் வெற்றிக்குப் பெரிய காரணம் அதன் பேச்சு. புத்தக ஆங்கிலம் அல்ல, பி.பி.சி. ரேடியோவில் செய்தி வாசிக்கும் ஆங்கிலமும் அல்ல. பெய்ஸ்லித் தெருப் பேச்சு. அதற்கு நடுவே ஹாலிவுட் சினிமா வசனம். திடீரென்று பெரிய மனிதர் வீட்டுப் பிள்ளைகள் பேசுவது போல ஒரு பகடி. மீண்டும் தெருப் பேச்சு. பையன்கள் பாஷையையும் கலர் மாதிரியே குழைக்கிறார்கள்.

அந்தப் பக்கத்துப் பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் "ஒழுங்காகப் பேசு" என்று அதட்டுவது வழக்கம். வேலைக்குப் பேட்டிக்குப் போனாலும் நாக்கைத் திருத்திக்கொண்டு போகவேண்டும். அப்படிப்பட்ட பேச்சு, டிக்கெட் வாங்கிக்கொண்டு வந்த ஜனங்களுக்கு முன்னால், முழு நாடகம் முழுவதும், யாரிடமும் மன்னிப்புக் கேட்காமல் ஒலித்தது. ஸ்காட்லாந்தில் தொழிலாளர் நாடகங்கள் அதற்கு முன்பும் உண்டு. ஆனால் அவற்றில் வரும் தொழிலாளி பெரும்பாலும் கஷ்டப்படுவான், அல்லது கொடி பிடிப்பான். பைர்னின் தொழிலாளி வம்பு பேசுகிறான், கச்சிதமாகத் தலை வாருகிறான், காலுக்கு ஒட்டிய பேண்ட் வாங்கக் காசு சேர்க்கிறான். அதனால் பார்க்க வந்தவர்கள் தங்களையே பார்த்தார்கள்.

1983-ம் ஆண்டு நாடகம் நியூயார்க் நகரின் பிராட்வேக்குப் போனது. நடித்தவர்கள் ஷான் பென், கெவின் பேக்கன், வால் கில்மர். மூவரும் அப்போது வளர்ந்துவரும் வாலிபர்கள். பின்னால் ஹாலிவுட்டில் பெரும்புள்ளிகள். பெய்ஸ்லிப் பேச்சை அமெரிக்க நாக்கு படாத பாடு பட்டுப் பேசியது. நாடகம் அங்கே அதிக நாள் ஓடவில்லை. ஆனால் பெர்கஸ்லி பார்க் பையனின் கல் பலகை பிராட்வே விளக்கு வெளிச்சத்தில் நின்றது என்பது நின்றதுதான்.

நடன விழாவும் இடுகாடும்

பைர்ன் அந்தப் பையன்களை விடவில்லை. இரண்டாவது நாடகம் "கட்டிங் எ ரக்". அதே வெள்ளிக்கிழமை இரவு, பெய்ஸ்லி நகர மண்டபத்தில் நடன விழா. பகலில் கலர் பூசிய கைகள் இரவில் வாசனை பூசிக்கொண்டு வருகின்றன.

மூன்றாவது, "ஸ்டில் லைப்". 1982-ல் அரங்கேறியது. இடம், இடுகாடு! ஆண்டு 1967, பிறகு 1972. எல்லோருக்கும் வயதாகிவிட்டது. மேஜை கிடைத்த ஹெக்டர் இறந்துவிட்டான்; அவனை அடக்கம் செய்ய வந்த இடத்தில் பில்லும் ஸ்பாங்கியும் சந்திக்கிறார்கள். லூசில் முதலில் ஸ்பாங்கியின் மனைவி. பிறகு பில்லின் மனைவி. முதல் நாடகத்தின் சிரிப்பை எதிர்பார்த்து இதைப் பார்க்கப் போனால் ஏமாற்றம்தான். ஆனால் முதல் நாடகத்தில் ஹெக்டரை அலமாரிக்குள் திணித்தபோது சிரித்தவர்களுக்கு, அந்தச் சிரிப்பு இங்கே வந்து உறுத்தும்.

கால் நூற்றாண்டுக்குப் பிறகு, 2008-ல், "நோவா ஸ்கோஷியா" என்ற நான்காவது நாடகத்தையும் எழுதினார். பில் இப்போது கிழவன். வடக்கு மலைப் பகுதியில் வாழும் ஓவியன். அவனைவிட அவனுடைய இளம் மனைவிக்குத்தான் கலை உலகில் பெயர் அதிகம். ஸ்பாங்கி ராக் பாடகனாகி அமெரிக்காவில் இருந்துவிட்டுத் திரும்பி வருகிறான். ஒரே பையன்களை முப்பது ஆண்டுகள் கூடவே வளர்த்துக் கிழவர்களாக்கிய நாடகாசிரியர்கள் அதிகம் பேர் இல்லை.

டெலிவிஷனிலும் ஒரு வெற்றி

1987-ம் ஆண்டு பி.பி.சி. டெலிவிஷனில் "டுட்டி புரூட்டி" என்ற தொடர் ஆறு வாரம் வந்தது. எழுதியவர் பைர்ன். ஒரு காலத்தில் ஓகோவென்று இருந்த ராக் பாட்டுக் குழு, வயதான பிறகு வெள்ளிவிழாச் சுற்றுப்பயணம் கிளம்புகிறது. தலைமைப் பாடகன் விபத்தில் இறந்துபோக, இறுதிச் சடங்குக்கு வந்த தம்பி அவன் இடத்தில் நின்று பாடுகிறான். தம்பியாக ராபி கோல்ட்ரேன். அவனோடு சேரும் பெண்ணாக எம்மா தாம்சன். பரிசுகள் குவிந்தன. ஆனால் தொடரில் வரும் பழைய பாட்டுகளின் உரிமைத் தகராறால், டி.வி.டி.யாக வெளிவர 2009 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பார்க்காதவர்களும் அதைப் பற்றிக் கதை கதையாகப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

1990-ல் அவர் எழுதிய அடுத்த தொடரில் நடித்தவர் டில்டா ஸ்வின்டன். பிறகு இருவரும் சேர்ந்து வாழ்ந்தார்கள். 1997-ல் இரட்டைக் குழந்தைகள் பிறந்தன. அதே ஆண்டு "ஸ்லாப் பாய்ஸ்" கதையைப் பைர்னே டைரக்ட் செய்து சினிமாவாகவும் எடுத்தார். மேடையில் இருந்த விறுவிறுப்பு சினிமாவில் இல்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். அந்தப் பேச்சுக்கு நாலு சுவர் வேண்டும்; கேட்டுச் சிரிக்க எதிரே ஜனங்களும் வேண்டும்.

ரஷ்ய நாடகாசிரியர் செக்காவின் நாடகங்களையும் அவர் ஸ்காட்லாந்துப் பேச்சில், ஸ்காட்லாந்து மண்ணில் நடப்பதாக மாற்றி எழுதினார். "வான்யா மாமா" அவர் கையில் "வாரிக் மாமா" ஆனார்.

கடைசி வரை தூரிகை

எழுதினாலும் வரைவதை அவர் நிறுத்தவில்லை. தம் முகத்தையே திரும்பத் திரும்ப வரைந்தார். கூர் மீசை, தாடி, வாயில் சிகரெட். வயது ஏற ஏற ஒவ்வொரு சுருக்கத்தையும் விடாமல் வரைந்து வைத்தார். எடின்பரோவில் உள்ள கிங்ஸ் தியேட்டரின் உட்கூரையில் 2013-ல் அவர் அமைத்த பெரிய ஓவியம் இருக்கிறது. 2022-ல் கிளாஸ்கோவின் கெல்விங்குரோவ் கலைக்கூடம் அவருடைய வாழ்நாள் படைப்புகளைத் திரட்டிப் பெரிய கண்காட்சி நடத்தியது. "படிக்காத அப்பா வரைந்தது" என்று புளுகி லண்டன் கதவைத் தட்டியவருக்கு, சொந்த ஊரின் பெரிய கூடம் சொந்தப் பெயரிலேயே கதவைத் திறந்துவிட்டது. அதற்கு அடுத்த ஆண்டு அவர் காலமானார்.

எல்டர்ஸ்லியில் அந்தக் கம்பளத் தொழிற்சாலை இப்போது இல்லை. ஸ்டாடர்ட் கம்பெனி 2005-ம் ஆண்டு நொடித்து மூடப்பட்டது. கட்டம் போட்ட தாளில் டிசைனர்கள் வரைந்த படங்களை கிளாஸ்கோ பல்கலைக்கழகம் முதலான நிறுவனங்கள் சேர்ந்து விலைக்கு வாங்கிப் பாதுகாத்து வருகின்றன. கட்டங்களில் நிரப்பிய சிவப்பும், பச்சையும், ஊதாவும் பலகையில் பையன்கள் கோந்து விட்டுக் குழைத்தவை.